கொஞ்சம் பொறுங்கோ

அந்த வெள்ளைக்காரருக்குத் தமிழில் இரண்டே இரண்டு வசனம்தான் தெரியும். ஒன்று, "திரும்ப ஒருக்கா." மற்றது, "கொஞ்சம் பொறுங்கோ." இந்த இரண்டையும் வைத்துக்கொண்டு ஹம்பேர்க்கில் இருந்த எங்கள் சனத்தின் கண்ணீரைப் படமாக்கி, அதற்குப் பரிசும் வாங்கினார். எங்கள் ஆட்களுக்கோ ஓர் ஆங்கிலேயரின் வாயில் தமிழ் வந்ததே போதுமாக இருந்தது. "என்ன வடிவாக் கதைக்கிறார், பாருங்கோவன்" என்று உருகிப்போனார்கள். நாங்கள் எத்தனையோ வருடமாக விழுந்தெழும்பி ஜேர்மன் பாஷை கதைக்கிறோம். ஒரு ஜேர்மன்காரராவது எங்களைப் பார்த்து உருகியதாக எனக்கு ஞாபகம் இல்லை.

பெயரைச் சொல்லப் போவதில்லை. சொன்னால் அதையும் ஒரு விளம்பரமாக எடுத்துக்கொள்ளக்கூடிய மனிதர். ஆவணப்படம் எடுப்பவர். இங்கிலாந்தில் பிறந்து, எங்கெங்கே சனம் அழுததோ அங்கெல்லாம் கமராவோடு போய், கடைசியில் ஒரு ஜேர்மன் பெண்ணைக் கல்யாணம் செய்து எங்கள் நகரத்தில் குடியேறியவர். நல்ல உயரம். எங்கள் வீட்டுக் கதவுகளில் குனிந்துதான் நுழைவார். கோடை வெயிலிலும் கழுத்தில் ஒரு கம்பளிச் சால்வை சுற்றியிருக்கும்.

இரண்டாயிரமாம் ஆண்டு பிறந்து அதிக காலம் ஆகவில்லை. நான் அப்போது ஒரு முதியோர் இல்லத்தில் வேலை செய்துகொண்டிருந்தேன். மிச்ச நேரத்தில் எங்கள் ஆட்களோடு வைத்தியரிடமும் வெளிநாட்டவர் அலுவலகத்துக்கும் போய் மொழிபெயர்ப்பேன். ஆங்கிலமும் கொஞ்சம் கைவசம் இருந்தது. தமிழ்ச் சங்கத் தலைவர் என்னைப் பிடித்து இவரிடம் கொடுத்துவிட்டார்.

"எனக்கு உண்மை மட்டும் போதும்" என்று முதல் சந்திப்பிலேயே இந்த வெள்ளைக்காரர் சொன்னார். நானும் நம்பினேன். போகப் போகத்தான் விளங்கியது, அவருக்கு உண்மை வேண்டும்தான், ஆனால் அது அவர் சொல்லும் நேரத்துக்கு, வெளிச்சம் சரியாக விழும் இடத்துக்கு வரவேண்டும். முதல் தடவை வந்தது அவருக்குப் பிடிக்காவிட்டால் இரண்டாம் தடவையும் வரவேண்டும்.

இன்னொரு வாய்ப்பாடும் வைத்திருந்தார். எந்த வீட்டுக்குப் போனாலும் நடு அடுப்படியில் போய் நின்றுகொண்டு, "நான் இங்கே இல்லை என்று நினைத்துக்கொள்ளுங்கள்" என்பார். அவர் நின்றால் குளிர்சாதனப் பெட்டியைத் திறக்க இடமிருக்காது. பக்கத்தில், நாய்க்குட்டி போல மயிர் சடைத்த ஒலிவாங்கியை நீளத் தடியில் பிடித்தபடி ஓர் உதவியாளர். இவர்கள் இருவரும் இல்லையென்று நினைத்துக்கொண்டு எங்கள் பெண்கள் கறி காய்ச்ச வேண்டும். காய்ச்சினார்கள், அதுதான் வெட்கம். அதுவும் கல்யாண வீட்டுக்குப் போவதுபோலச் சேலை உடுத்திக்கொண்டு.

இவர் தன் படத்துக்கு நாயகனாகப் பிடித்தது செல்வராசா அண்ணையை. நகரத்தின் ஹார்பேர்க் பகுதியில் எங்கள் வீட்டுக்கு நேர் கீழ்வீடு அவருடையது. ஓர் இத்தாலிய உணவகத்தின் சமையலறையில் வேலை. ஊரைவிட்டு வெளிக்கிட்டபோது அவருடைய மனைவி யோகக்கா பிள்ளைத்தாச்சி. இங்கே முகாமில் கிடந்து, வழக்காடி, அகதியாக ஏற்றுக்கொள்ளப்பட்டு, குடும்பத்தைக் கூப்பிட அன்ட்ராக் என்கிற விண்ணப்பம் போட்டு, அது திரும்பி வந்து, மறுபடியும் போட்டு, எல்லாம் சரிவந்தபோது மகள் ஆரணிக்கு எட்டு வயதாகிவிட்டது. மகளை அவர் படத்தில்தான் கண்டிருந்தார். அவளும் அவரைப் படத்தில்தான் கண்டிருந்தாள்.

"எனக்கு வேறொண்டும் வேண்டாம் தங்கச்சி" என்று விசா கிடைத்த அன்று என்னிடம் சொன்னார். "பிள்ளை என்னைக் கண்டவுடன அப்பா எண்டு ஓடிவரவேணும். அவ்வளவுதான். அதுக்குப் பிறகு நான் செத்தாலும் பரவாயில்லை."

"செத்தால் ஆர் அவளைப் பள்ளிக்கூடம் கூட்டிக்கொண்டு போறது? விசர்க்கதை கதையாதேங்கோ அண்ணை" என்றேன்.

இந்த ஆசையைத்தான் அந்த வெள்ளைக்காரர் எப்படியோ மோப்பம் பிடித்துவிட்டார்.

முதலில் தொலைபேசிக் காட்சி. செல்வராசா அண்ணை கொழும்பில் இருந்த யோகக்காவோடு கதைப்பதை எடுக்க வேண்டும். அண்ணை தொலைபேசி எடுத்தார், கதைத்தார், சிரித்தார், பிள்ளை பாடிக்காட்டிய பாட்டைக் கேட்டுக் கண்ணைத் துடைத்தார். எல்லாம் முடிந்து தொலைபேசியை வைத்த பிறகு, வெளியே எஸ்-பான் ரயில் போன சத்தம் உள்ளே வந்துவிட்டதாம். "திரும்ப ஒருக்கா." தொலைபேசி அட்டையில் நிமிடம் முடிந்துவிட்டது, கொழும்பில் அவர்கள் நின்ற கடையும் பூட்டும் நேரம் என்று அண்ணை சொன்னார். பரவாயில்லை, சும்மா காதில் வைத்துக்கொண்டு கதையுங்கள் என்றார் இவர். அண்ணை அந்தச் செத்த தொலைபேசியைக் காதில் வைத்து, "சாப்பிட்டியளோ? பிள்ளைக்குத் தடிமன் மாறிட்டுதோ?" என்று கேட்டார். மறுமொழி வராத அந்தக் கருவிக்குள் கேட்கக் கேட்க அவருக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. முதல் தடவையைவிட நன்றாக அழுதார். படத்தில் இருப்பது அந்த அழுகைதான்.

"உங்கள் மக்கள் பிறவி நடிகர்கள்" என்று இவர் பிறகு என்னிடம் மெச்சினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நடிப்பாவது மண்ணாவது! தஞ்ச விசாரணையில் அதிகாரி ஒரே கதையைத் திரும்பத் திரும்பக் கேட்பார். முதல் தடவை சொன்னதுக்கும் அடுத்த தடவை சொன்னதுக்கும் ஒரு மயிரிழை வித்தியாசம் இருந்தால் பொய்யன் என்று எழுதிவிடுவார்கள். எங்கள் ஆட்கள் இந்த நாட்டில் முதலில் படித்த பாடமே, மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவர் கேட்டால் உள்ளதை அப்படியே இன்னொரு தடவை செய்துகாட்டுவதுதான். இவர் "திரும்ப ஒருக்கா" என்றதும் ஒருவரும் ஏனென்று கேட்காததற்கு அதுதான் காரணம். இந்த உலகத்தையே சுற்றிவந்த மேதைக்கு அது மட்டும் கண்ணில் படவில்லை.

பிறகு சோபா. குடும்பம் வருகிறது என்று செல்வராசா அண்ணை புதுச் சோபா ஒன்று வாங்கியிருந்தார். மகளுக்கு ரோஸ் நிறத்தில் கட்டில். இரண்டையும் கண்டதும் இவருடைய முகம் புளிப்புத் தின்றதுபோலப் போனது. "அகதி வீடு மாதிரி இல்லையே" என்றார். சோபா படிக்கட்டுக்குப் போனது, கட்டில் என் வீட்டுக்கு வந்தது. வெறும் நிலத்தில் மெத்தை போட்டு அண்ணையை அதில் குந்தவைத்து, யன்னலைப் பார்க்கச் சொல்லிப் படமெடுத்தார். யன்னலுக்கு வெளியே குப்பைத் தொட்டிதான் இருந்தது. மேல்மாடி ஜேர்மன் கிழவி சோபாவில் கால் இடறி, கீழே இறங்கிவந்து கத்தினார். இவர் உடனே கமராவைத் திருப்பி அதையும் எடுத்தார். படத்தில் அந்தக் கிழவி இனவெறி பிடித்தவர்போல வருகிறார். பாவம், அவருடைய முழங்கால் வீங்கியதை நான்தான் ஐஸ் வைத்துப் பார்த்தேன்.

ஒருநாள் இவர் என்னைத் தன் வீட்டுக்குக் கூப்பிட்டார், நாடாக்களில் உள்ள தமிழை மொழிபெயர்க்க. அங்கேதான் அவருடைய வாழ்க்கை வரலாறு முழுக்கச் சுவரில் தொங்கியது. சுரங்கம் மூடப்பட்ட ஓர் ஆங்கிலக் கிராமத்தைப் பற்றிய படம்தான் ஆரம்பம். அதற்கொரு பரிசு. பிறகு ஒரு பஞ்சம், ஒரு பூகம்பம், இரண்டு யுத்தம். ஒவ்வொன்றுக்கும் ஒரு கேடயம். கழிவறைக்குப் போனால் அங்கேயும் ஒரு வெண்கலப் பறவை நின்றது. "அடக்கத்துக்காக இங்கே வைத்திருக்கிறேன்" என்றார். வருகிற விருந்தாளி எல்லாரும் தவறாமல் போகிற இடத்தில் வைத்துவிட்டு அடக்கம் என்கிறார்!

அவருடைய மனைவிதான் படங்களை வெட்டி ஒட்டுபவர். நல்ல பெண். தங்கள் கல்யாணப் பதிவின்போது வெளிச்சம் காணாதென்று கணவர் அதிகாரியிடம் கெஞ்சி இன்னொரு தடவை கையெழுத்துப் போடவைத்தார் என்று சிரித்துச் சிரித்துச் சொன்னார். "அப்ப எந்தக் கையெழுத்துக்கு நீங்கள் பெண்சாதி?" என்று கேட்டேன். அவர் சிரிப்பை நிறுத்திவிட்டுக் கோப்பி ஊற்றினார்.

அன்று இவர் தன் சின்ன வயதுக் கதையும் சொன்னார். ஏழு வயதில் விடுதிப் பள்ளிக்கூடத்தின் வாசலில் தாய் கொண்டுபோய் விட்டாராம். தாய் திரும்பிப் பார்க்கவே இல்லையாம். "அன்றைக்கிருந்து நான் திரும்பிப் பார்ப்பவர்களைத் தேடிக்கொண்டிருக்கிறேன்" என்று சொல்லி, நிறுத்தி, யன்னலைப் பார்த்தார். எனக்கு நெஞ்சு இளகிவிட்டது. பாவம் மனுசன், அதுதான் இப்படி என்று நினைத்தேன். அடுத்த கிழமை சங்கத் தலைவருக்கும் அதே கதையைச் சொன்னார். அதே இடத்தில் நிறுத்தினார். அதே மாதிரி யன்னலைப் பார்த்தார். இளகின நெஞ்சை நான் திரும்ப இறுக்கிக்கொண்டேன்.

யோகக்காவும் ஆரணியும் வந்த நாளுக்கு வருகிறேன்.

விமான நிலையத்தில் செல்வராசா அண்ணை விடியவே போய் நின்றார். கோட்டுப் போட்டிருந்தார், கையில் பூங்கொத்து. நானும் போனேன். இவர் எங்களுக்கு முன்னாலேயே வந்து, அந்தக் கண்ணாடிக் கதவு திறந்து மூடுவதையெல்லாம் எடுத்துக்கொண்டிருந்தார். யாரோ ஜேர்மன் கிழவர் பேரனைத் தூக்குகிறார், அதை எடுக்கிறார். யாரோ காதலர்கள் கட்டிப்பிடிக்கிறார்கள், அதை எடுக்கிறார். கண்டவர்களின் சந்தோசத்தில் நாடா முடிந்துபோனது. புது நாடாவை உறையிலிருந்து எடுக்கும்போது கதவு திறந்தது.

யோகக்கா தள்ளுவண்டியோடு வந்தார். பக்கத்தில், முழங்கால்வரை தொங்கும் பெரிய சுவெற்றரோடு ஆரணி. கண்கள் சனத்துக்குள் தேடின. கண்டுபிடித்தன. தாய் ஒன்றும் சொல்லவில்லை, ஒருவரும் சொல்லிக்கொடுக்கவில்லை, பிள்ளை தானாகவே வண்டியை விட்டுவிட்டு ஓடத் தொடங்கினாள். "அப்பா!" என்று அவள் கூப்பிட்டதை நான் என் காதால் கேட்டேன். செல்வராசா அண்ணை பூங்கொத்தைக் கீழே போட்டுவிட்டுக் குனிந்து கையை விரித்தார்.

"கொஞ்சம் பொறுங்கோ!"

வடிவான தமிழில், மண்டபம் முழுக்கக் கேட்கக் கத்தினார் அந்த மனுசன். என் வேலையை அன்று அவரே பார்த்துக்கொண்டார். நாடா இன்னும் கமராவுக்குள் போகவில்லை.

செல்வராசா அண்ணை நிமிர்ந்தார். விரித்த கைகளில் ஒன்றை எடுத்து, உள்ளங்கையை மகளுக்கு நேரே காட்டினார். நில் என்று.

எட்டு வருடம் காத்திருந்த மனிதர், தன் பிள்ளைக்கு முதன்முதலில் செய்த சைகை அது. ஏன் செய்தார் என்று கேட்டால் அவருக்கே தெரியாது. எவனாவது ஒருவன் பொறு என்றால் பொறுத்துப் பொறுத்தே இந்த நாட்டில் காலத்தை ஓட்டியவர். கை தானாக எழும்பியிருக்கும். ஆரணி பாதி வழியில் நின்றாள். அவள் முகம் எப்படிப் போனதென்று நான் சொல்ல மாட்டேன். தாயிடம் திரும்பி நடந்துபோய்ச் சேலையைப் பிடித்துக்கொண்டாள்.

நாடா மாட்டியாயிற்று. "திரும்ப ஒருக்கா."

அந்தக் கதவுக்குள் திரும்பப் போக விட மாட்டார்கள். அதனால் ஒரு தூணுக்குப் பின்னால் அவர்களை நிறுத்தினார். பிள்ளை ஓட மறுத்தாள். இவர் கடைக்கு ஓடிப்போய்க் கரடிப் பொம்மை வாங்கி வந்து அண்ணையின் கையில் கொடுத்தார். யோகக்கா பயணக் களைப்பில், வந்த இடத்துச் சட்டம் இதுதானாக்கும் என்று நினைத்தாரோ என்னவோ, "போ பிள்ளை, அப்பாட்ட ஓடு. அந்த மாமா சொல்லுறார்" என்று முதுகில் கைவைத்துத் தள்ளினார். கடைசியில் ஓடினாள். அண்ணை தூக்கினார். பிள்ளை அவருடைய தோளுக்கு மேலால் கமராவைப் பார்த்துக்கொண்டிருந்தாள், இது காணுமோ என்று கேட்பதுபோல.

படம் ஒரு பெரிய திரையரங்கில் காட்டப்பட்டது. எங்களையும் கூப்பிட்டு முன்வரிசையில் இருத்தினார்கள். அந்த ஓட்டம் வந்தபோது மண்டபமே மூக்கை உறிஞ்சியது. பிள்ளையின் கண்ணில் புலம்பெயர்ந்தவர்களின் திகைப்பு முழுவதும் தெரிகிறது என்று ஒரு பத்திரிகைக்காரர் எழுதினாராம். முடிந்ததும் இவர் மேடையில் ஏறி, "நான் எதையும் செய்யவில்லை, வாழ்க்கை நடந்தது, நான் பார்த்துக்கொண்டிருந்தேன்" என்றார். எழும்பி நின்று கை தட்டினார்கள். செல்வராசா அண்ணையும் தட்டினார்.

கீழ்வீட்டில் நடந்ததை எந்தப் பத்திரிகையும் எழுதவில்லை. ஆரணி நல்ல பிள்ளை, படிப்பில் கெட்டிக்காரி, சொன்னதைக் கேட்பாள். ஆனால் தகப்பனுக்குக் கிட்டப் போகும்போது ஓரடி முன்னாலேயே நின்றுவிடுவாள். அப்பா என்று அவள் கூப்பிட்டு அதன் பிறகு நான் கேட்டதில்லை. "அம்மா, அவர் வந்திட்டார்" என்பாள். "அவருக்குத் தேத்தண்ணி வேணுமாம்" என்பாள். அண்ணை ஒருநாளும் குறை சொன்னதில்லை. "பிள்ளை இன்னும் பழகேல்லை தங்கச்சி. குளிர் நாடு, கொஞ்சம் நாள் எடுக்கும்" என்பார். வெள்ளைக்காரர் கொடுத்த படத்தின் ஒளித்தட்டு ஒன்று அண்ணையிடம் இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை யோகக்காவும் மகளும் கோயிலுக்குப் போயிருந்த நேரம் நான் ஏதோ கேட்கப் போனேன். அண்ணை புதுச் சோபாவில் தனியே இருந்து அந்த ஓட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். முடிய, கருவியை அமத்தித் திரும்பப் போட்டார். நான் சத்தம் போடாமல் மேலே வந்து, அந்த வெள்ளைக்காரரை எனக்குத் தெரிந்த மூன்று பாஷையிலும் திட்டினேன்.

அவர் திரும்ப வந்தபோது ஆரணிக்குப் பதினாறு. ஆள் மெலிந்துபோயிருந்தார், சால்வை மட்டும் அப்படியே இருந்தது. தொலைக்காட்சிக்காரர்களுக்கு இப்போது சமையல்காரரும் வீடு திருத்துகிறவர்களும்தான் வேண்டுமாம், அழுகிற சனத்தை யாரும் கேட்பதில்லையாம். அதனால் பழைய படத்தின் ஆட்கள் இப்போது எப்படி இருக்கிறார்கள் என்று ஒரு படம். பழைய அழுகைக்கே புதுச் சாயம் பூசி விற்கப் பார்த்தார். செல்வராசா அண்ணை ஓம் என்றுவிட்டார். அவருக்கு வேறு சொல் வராது. யோகக்கா வடை சுட்டார். என்னை ஏன் கூப்பிட்டார்களோ தெரியாது, எங்கள் எல்லாரையும்விட ஆரணி நன்றாக ஜேர்மனும் ஆங்கிலமும் கதைப்பாள். காலையிலிருந்து அவள் ஒன்றும் கதைக்கவில்லை.

இவர் தனியாகத்தான் வந்தார், தடி பிடிக்க ஆளில்லை. காட்சி இதுதான்: தகப்பன் வேலையால் வருகிறார், மணி அடிக்கிறார், வளர்ந்த மகள் கதவைத் திறக்கிறாள். அன்று அண்ணைக்கு வேலை இல்லை. ஆனாலும் இவர் அண்ணையின் தோளில் வேலைப் பையை மாட்டிப் படிக்கட்டில் கொண்டுபோய் நிறுத்தினார். அண்ணையின் தலை நரைத்துவிட்டிருந்தது. தன் வீட்டுக் கதவுக்கு முன்னால் விருந்தாளிபோல நின்று மணி அடித்தார்.

ஆரணி கதவைத் திறந்தாள். நான் அவளுக்குப் பின்னால் நின்றேன்.

"கொஞ்சம் பொறுங்கோ!" கமராவில் எதையோ அழுத்தி, அது வேலை செய்யாமல், படியில் இருந்து இவர் கத்தினார்.

அண்ணையின் கை எழும்பியது. அதே கை, அதே உள்ளங்கை, மகளுக்கு நேரே.

ஆரணி அந்தக் கையைப் பார்த்தாள். பிறகு தன் கையை நீட்டி, அந்த உள்ளங்கையைப் பிடித்து இறுக்கி, ஒரே இழுவையில் தகப்பனை வீட்டுக்குள் எடுத்தாள்.

"உள்ள வாங்கோப்பா" என்றாள். காலால் கதவைத் தள்ளிப் பூட்டினாள்.

அடுப்படியில் யோகக்கா வடைக் கரண்டியோடு அப்படியே நின்றார். எனக்கு அழுகை வந்தது, அதை நான் மறைக்கவில்லை. அண்ணை பையைக்கூடக் கழற்றாமல், மகள் பிடித்த கையை எடுக்காமல், அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். வெளியே கதவு தட்டுப்பட்டது. முதலில் மெதுவாக, பிறகு பலமாக.

"திரும்ப ஒருக்கா! திரும்ப ஒருக்கா!"

செல்வராசா அண்ணை கதவின் பக்கம் திரும்பினார். நான் பயந்துபோனேன், பழக்க தோசத்தில் திறந்துவிடப் போகிறார் என்று.

"ஏலாது" என்றார் அண்ணை.

தட்டுவது நின்றது. கொஞ்ச நேரத்தில் மறுபடியும் தொடங்கியது. அவருக்கு விளங்கவில்லை. அந்தச் சொல்லை மட்டும் நாங்கள் ஒருவரும் அவருக்குச் சொல்லிக்கொடுத்திருக்கவில்லை.